மத்திய ஐரோப்பா என்பது எது? அதன் எல்லை ஏன் மாறிக்கொண்டே இருக்கிறது?

மத்திய ஐரோப்பா என்பது ஜெர்மானிய நாடுகளுக்கும் ரஷ்யாவுக்கும் இடையே, பெரும்பாலும் பிறரின் பேரரசுகளுக்குள் வாழ்ந்த மக்களின் நிலப்பகுதி. போலந்து, செக்கியா, ஸ்லோவாக்கியா, ஹங்கேரி ஆகியவற்றோடு ஆஸ்திரியாவையும் பலர் இதில் சேர்ப்பார்கள். ஜெர்மனியைச் சேர்ப்பதா என்பதில் இன்றும் ஒருமித்த கருத்து இல்லை.

எல்லை நிலைக்காததற்குக் காரணம், இப்பகுதியை வரையறுத்தது மலையோ கடலோ அன்று, அரசியல்தான். 1918இல் ஆஸ்திரிய-ஹங்கேரியப் பேரரசு உடைந்ததும் புதிய தேசிய அரசுகள் தோன்றின. 1945க்குப் பின் சோவியத் ஆதிக்கத்தின் கீழ் வந்த நாடுகளை உலகம் 'கிழக்கு ஐரோப்பா' என்றே அழைத்தது.

தொகுதி மறுவரையறையில் வீடு நகராமலே தொகுதியின் பெயர் மாறிவிடுவதை நாம் அறிவோம். உஷ்ஹோரோத் நகரத்தில் நடந்தது அதைவிடப் பெரிது: அங்கே 1910இல் பிறந்து, ஊரை விட்டே போகாத ஒருவர், ஆஸ்திரியா-ஹங்கேரி, செக்கோஸ்லோவாக்கியா, மீண்டும் ஹங்கேரி, சோவியத் ஒன்றியம், 1991க்குப் பின் உக்ரைன் என ஐந்து நாடுகளின் ஆட்சியைக் கண்டிருக்க முடியும். (குடியுரிமைத் தாள்களை அவர் எங்கே வைத்திருப்பாரோ!)

1991இல் போலந்து, ஹங்கேரி, செக்கோஸ்லோவாக்கியா மூன்றும் ஹங்கேரியின் விஷேகிராத் நகரில் கூடி ஒத்துழைப்புக் குழு அமைத்ததும், 1993இல் செக்கோஸ்லோவாக்கியா செக்கியா, ஸ்லோவாக்கியா எனப் பிரிந்தபின் நான்கு நாடுகளாக 2004இல் ஐரோப்பிய ஒன்றியத்தில் இணைந்ததும், 'நாங்கள் கிழக்கு அல்ல' என்ற அறிவிப்பாகவே எனக்குத் தோன்றுகிறது.

பலர் நினைப்பதுபோல் 'கிழக்கு ஐரோப்பா' என்பது வெறும் திசைப்பெயர் அன்று. அவ்வாறு அழைக்கப்பட்ட பிராக் நகரம், 'மேற்கு' எனப்பட்ட வியன்னாவுக்கு மேற்கே இருக்கிறது.