மாய நிலத்துக்கும் கணக்கு உண்டு
மாயப்புனைவு எழுதுவோருக்கான கேள்வி – பதில்

கேள்வி: என் நாவலில் மறதிப் பள்ளத்தாக்கு என்றொரு இடம் வருகிறது. உள்ளே போனவர்கள் திரும்புவதில்லை. எவ்வளவு வர்ணித்தாலும் பயமே வரவில்லை என்கிறார்கள், படித்தவர்கள். ஏன்?

பதில்: போனவர் ஒருவர்கூடத் திரும்பவில்லை என்றால், அங்கே என்ன நடக்கிறது என்பது யாருக்கும் தெரியாது. வாசகருக்கும் பிடி கிடைக்காது. சிலரைத் திரும்ப விடுங்கள். இவர் ஏன் பிழைத்தார், அவர் ஏன் பிழைக்கவில்லை என்று யோசிக்கும்போதுதான் நிலத்தின் விதி வெளிப்படும்.

1986 ஆகஸ்ட் 21 இரவு, கேமரூன் நாட்டின் நியோஸ் ஏரி, தன் அடியில் கரைந்து கிடந்த கரியமில வாயுவைத் திடீரெனக் கக்கியது. அந்த வாயு காற்றைவிட ஒன்றரை மடங்கு கனம். மேலே எழாமல், பள்ளம் பார்த்துத் தரையோடு தரையாக வழிந்தது. 1,700-க்கும் மேற்பட்டோர் மாண்டார்கள். தாழ்வில் இருந்த ஊர்கள்தான் அடிபட்டன.

அந்தக் கனத்தை உங்கள் பள்ளத்தாக்குக்குக் கொடுத்துப் பாருங்கள். மறதி ஒரு மூடுபனி. பொழுது சாய்ந்ததும் ஓடைப் படுகையிலிருந்து கிளம்பும், இடுப்பளவு ஏறி நிற்கும், வெயில் வந்தால் வடியும். விதி இவ்வளவே, மற்றதெல்லாம் தானாக வரும். அங்கே வீடுகள் ஆளுயரக் கால்கள்மேல் நிற்கும். அந்திக்குப் பிறகு குழந்தையைத் தோளிலிருந்து இறக்க மாட்டார்கள். நாயின் மூக்கு முழங்கால் உயரம்தானே? படியில் நிற்கும் எசமானரைப் பார்த்து அது பல்லைக் காட்டி உறுமினால், பனி வந்துவிட்டது என்று அர்த்தம். தடுக்கி விழுந்தவன் எழுந்திருப்பதற்குள் தங்கையின் பெயரை இழந்திருப்பான்.

தற்காப்பும் கொடுங்கள், ஆனால் அதில் ஓர் ஓட்டை இருக்கட்டும். பாழுங்கிணற்றுக்குள் விளக்கை இறக்கி, சுடர் அணைந்தால் ஆள் இறங்காமல் இருப்பது பழைய முறை. சுடர் அணையாததாலேயே ஆபத்தில்லை என்று ஆகாது. நச்சு வாயுக்கள் சில, சுடரைத் தொடாமலே ஆளைக் கொல்லும்.

கேள்வி: ஐந்து பேர் 200 கி.மீ. அகலமுள்ள சாம்பல் பாலையை நடந்தே கடக்கிறார்கள். எத்தனை நாள் ஆகும்? எவ்வளவு தண்ணீர் வேண்டும்?

பதில்: கெட்டித் தரையில் சுமையோடு ஒரு நாளைக்கு 25 கி.மீ. போகலாம். கால் புதையும் சாம்பலில் 15 என்று வையுங்கள், 14 நாள். கடும் வெயிலில் நடப்பவருக்குக் குடிக்க மட்டும் நாளொன்றுக்கு 6 லிட்டராவது தேவை. ஐவருக்கு 30 லிட்டர், 14 நாளுக்கு 420 லிட்டர், அதாவது 420 கிலோ. ஆளுக்கு 25 கிலோ, அதுவும் தண்ணீரை மட்டுமே சுமந்தாலும் நான்காம் நாள் தோற்பை காலி. பொதி விலங்கு சேர்த்தால் அதுவும் குடிக்கும்.

ஆக, மூன்று நாள் நடைக்கு ஒரு சுனை வைத்தே தீர வேண்டும். மாயத்தையும் அங்கேயே வையுங்கள். வெட்டவெளியில் பூதம் வந்தால் ஓடிவிடலாம், சுனையை விட்டு எங்கே ஓடுவது?

முன்கூட்டியே தண்ணீர் புதைத்து வைப்பதாகவும் எழுதலாம். நான்கு நாள் தண்ணீரோடு கிளம்புகிறவர் ஒரு நாள் நடந்து, இரண்டு நாளுக்கானதைப் புதைத்துவிட்டு, மிச்சத்தைக் குடித்துத் திரும்பலாம். இரண்டு நாள் தள்ளிப் போய்விட்டால் புதைக்க ஒரு சொட்டும் மிஞ்சாது. பலர் சறுக்குவது இந்தக் கணக்கில்தான்.

கேள்வி: என் மாய நிலத்துக்கு ஆபத்தான வேளை ஒன்று வேண்டும். நள்ளிரவு சலித்துவிட்டது.

பதில்: ஐந்திணை கையிலேயே இருக்கிறதே. குறிஞ்சிக்கு யாமம் (நள்ளிரவு), முல்லைக்கு மாலை, மருதத்துக்கு வைகறை, நெய்தலுக்கு எற்பாடு (பொழுது சாயும் வேளை), பாலைக்கு நண்பகல். எல்லோரும் யாமத்தையே பிடித்துத் தொங்குகிறோம். நண்பகலை எடுங்கள். நிழல் சுருங்கிக் காலடிக்குள் ஒடுங்குகிறது. அது திரும்ப நீளும்போது உங்களுடையதுதானா?

இன்னொன்றையும் மறக்க வேண்டாம். பாலைக்கென்று தனி நிலம் கிடையாது. முல்லையும் குறிஞ்சியும் வெம்மையில் திரிந்தால் அதுவே பாலை. மாய நிலம் ஏழு கடல் தாண்டி இருந்தாக வேண்டியதில்லை. நேற்று மாடு மேய்த்த புல்வெளி இன்று திரிந்து கிடந்தால், பயம் பல மடங்கு.

கேள்வி: காடு ஆளை வழி தவறச் செய்ய என்ன மந்திரம் பொருந்தும்?

பதில்: சூரியனை மறைத்தால் போதும். 2009-இல் வெளியான ஓர் ஆய்வில், காட்டிலும் பாலைவனத்திலும் நடந்தவர்கள் சூரியனோ நிலவோ தெரிந்தவரை ஏறக்குறைய நேராகப் போனார்கள். அது மறைந்ததும் வளைந்து வளைந்து, தாங்கள் வந்த தடத்தையே குறுக்கிட்டார்கள். நேராகப் போகிறோம் என்றுதான் நம்பிக்கொண்டிருந்தார்கள்.

இதற்கு மாற்று, மூன்று கம்புகள். முப்பது முப்பது அடி இடைவெளியில் ஒரே கோட்டில் நட வேண்டும். பின்னால் உள்ளதைப் பிடுங்கி, மற்ற இரண்டோடு ஒன்றி மறையும்படி முன்னால் நட்டுக்கொண்டே போனால் கோடு விலகாது. அவசரத்தில் இடைவெளியைக் குறைத்தால் கோணம் பிசகும். கதைமாந்தர்கள் இரண்டு நாள் இதைச் சரியாகச் செய்யட்டும். மூன்றாம் நாள் விடியலில் அதே கோட்டில், நான்காவதாக ஒரு கம்பு நிற்கட்டும்.

கேள்வி: புதைமணல் ஆளை முழுசாக விழுங்குமா?

பதில்: சாதாரணப் புதைமணல் விழுங்காது. அதன் அடர்த்தி மனித உடலைப்போல் ஏறக்குறைய இரண்டு மடங்கு, இடுப்போடு நின்றுவிடும். விடுவித்துக்கொள்வதுதான் கஷ்டம். நொடிக்கு ஒரு சென்டிமீட்டர் வேகத்தில் பாதத்தை உருவவே ஒரு காரைத் தூக்கும் அளவு விசை வேண்டும் என்று 2005-இல் வெளியான ஆய்வு சொல்கிறது. சுற்றி நின்று இழுப்பது தவறு. மல்லாக்கச் சாய்ந்து, காலை மெல்ல மெல்ல அசைத்து, மணலுக்குள் நீர் இறங்க விட வேண்டும். கடலோரமாக இருந்து, அதற்குள் கடல் ஏறி வந்தால் சாவுதான்.

தலையும் மறைய வேண்டும் என்றால் உலர்ந்த மணலை எடுத்துக்கொள்ளுங்கள். அடியிலிருந்து காற்று சீராக ஊதினால் அது நீர்போல் தளும்பும், அதைவிட அடர்த்தியானவை மூழ்கும். ஆளும் தலையோடு மூழ்குவதை உங்கள் மாயத்தின் கணக்கில் வையுங்கள். அந்த நிலம் மூச்சு விடுகிறது என்று வையுங்கள். மூச்சை உள்ளே இழுக்கும்போது தரை கெட்டிப்படும், ஆட்கள் ஓடலாம். வெளியே விடுவதற்குள் எத்தனை அடி ஓட முடியும் என்பதை எண்ணில் எழுதிவிடுங்கள்.