யுத்தத்தில் பெற்றோரை இழந்த பிள்ளைகள் தாங்களாகவே ஒரு குடும்பமாக வாழ்ந்ததை நீங்கள் அறிவீர்களா?

எங்கள் குடும்பமே அப்படி உருவானதுதான். கோலாலம்பூர் செந்தூலில் இருக்கிறோம். அம்மாவுக்குத் தாய்மாமன் மூன்று பேர், ஆனால் பாட்டிக்குக் கூடப்பிறந்தவர் யாரும் கிடையாது.

ஜப்பான்காரன் காலத்தில் சயாம்–பர்மா ரயில் பாதை போட (415 கிலோமீட்டர், 1943 அக்டோபரில் முடித்தார்கள்) மலாயாவிலிருந்து 70,000 பேருக்கு மேல் கொண்டுபோனார்கள். பெரும்பாலும் தோட்டத்துத் தமிழர்கள். பாட்டியின் அப்பா போனவர் போனவர்தான். பாட்டியின் அம்மாவை மலேரியா கொண்டுபோய்விட்டது. அதே லயத்தில் (தோட்டத்து வரிசை வீடுகளில்) இதே கதியில் மூன்று பையன்கள். நால்வரும் ஒரே வீட்டில் ஒண்டிக்கொண்டார்கள்.

பாசத்தில் சேர்ந்தார்கள் என்று சொல்ல ஆசைதான். சேர்த்துவைத்தது மரவள்ளிக்கிழங்கு. அரிசி கிடைக்காத காலம். கிழங்கு போட ஒருவன், விறகுக்கு ஒருவன், சின்னவனைப் பார்த்துக்கொள்ள ஓர் ஆள் வேண்டும். அவித்த கிழங்கைப் பங்கு வைக்கிறவர் கடைசியாகத்தான் எடுக்க வேண்டும் என்பது பாட்டி போட்ட சட்டம். 1945 செப்டம்பரில் வெள்ளைக்காரன் திரும்பி வந்ததும் ஜப்பான் நோட்டு செல்லாக்காசாகிவிட, பெரியவர் தகர டப்பாவில் சேர்த்திருந்ததை எல்லாம் சின்னவர் பட்டம் ஒட்டியே தீர்த்தாராம்.

ஆதரவற்ற பிள்ளைகளுக்கு இல்லம் நடத்திய சுத்த சமாஜத்தைச் சுவாமி சத்தியானந்தா இங்கே தொடங்கியது 1949-ல். அதற்குள் இவர்கள் ரப்பர் மரத்தில் பால்வெட்டப் போகும் அளவுக்கு வளர்ந்துவிட்டார்கள். நடுவில், சின்னவரை இந்தியாவுக்குப் போகும் ரஜூலா கப்பலில் ஏற்றி அனுப்பும்படி ஊரிலிருந்து அவருடைய சித்தப்பா கடிதம் போட்டார். "இத்தனை நாள் எங்கே இருந்தாராம்?" என்று பாட்டி மறுத்துவிட்டார். போர் நடக்கும்போது அந்த மனிதர் என்ன செய்திருக்க முடியும், பாவம். ஆனாலும் என் ஓட்டு பாட்டிக்குத்தான்.

உண்மையான சோதனை அம்மாவின் காதுகுத்தில் வந்தது. தாய்மாமன் மடி வேண்டுமே! ஜாதி வேறு என்று லயத்தில் சிலர் முணுமுணுத்தார்கள். பெரியவர் காதில் வாங்கவே இல்லை. தோடு, பட்டுப்பாவாடையோடு வந்து சட்டமாக உட்கார்ந்துவிட்டார். மற்ற இருவருக்கும் அதில் கொஞ்சம் வருத்தம்கூட.

அப்புறம் நடு மாமாவின் மகனுக்கே அம்மாவைக் கொடுத்தார்கள். முறை மாப்பிள்ளை ஆயிற்றே! அக்கா பிறந்தபோது மருத்துவமனையில் நர்ஸ், "சொந்தத்தில் கல்யாணமா?" என்று கேட்டிருக்கிறார். அப்பா ஆமாம் என்றாராம், அம்மா இல்லை என்றாராம். நர்ஸ் அந்தக் கட்டத்தை நிரப்பாமலே விட்டுவிட்டார்.