பனிச்சறுக்குப் பந்தயத்தில் கேமரா பிடிக்க

கேள்வி: உள்ளூர் கால்பந்து ஆட்டங்களைத் தொலைக்காட்சிக்காக மூன்று ஆண்டுகளாகப் படம்பிடிக்கிறேன். நார்வே, பின்லாந்தில் நடக்கும் கிராஸ் கன்ட்ரி ஸ்கீ (பனியில் மேடு பள்ளங்கள் வழியே நெடுந்தூரம் சறுக்கி ஓடும்) பந்தயங்களில் வேலை செய்ய என்ன கற்றுக்கொள்ள வேண்டும்?

பதில்: பந்தைப் பின்தொடரப் பழகிய கை உங்களுக்கு உதவும். ஆனால் குளிரையும் வெண்மையையும் புதிதாகத்தான் பழக வேண்டும்.

குளிரில் முதலில் ஏமாற்றுவது பேக் ஃபோகஸ், அதாவது லென்ஸுக்கும் கேமராவின் சென்சாருக்கும் இடையிலான தூரத்தின் சரிசெய்தல். அறைச் சூட்டில் சரிசெய்த லென்ஸ் வெளியே போனதும் சுருங்கிவிடும். நெருக்கத்தில் கூர்மையாகத் தெரிகிற வீரர், ஜூமை விரித்ததும் மங்கிப்போவார். அதனால் கேமராவை ஒரு மணி நேரமாவது வெளியே வைத்திருந்து, பிறகு சரிபாருங்கள். ஐரிஸை (லென்ஸில் ஒளி புகும் துவாரத்தை) முழுவதும் திறந்து, தொலைவில் உள்ள ஒன்றை முழு ஜூமில் ஃபோகஸ் செய்யுங்கள். ஜூமை முழுக்க விரித்து பேக் ஃபோகஸ் வளையத்தால் கூர்மையாக்குங்கள். இரண்டு மூன்று முறையாவது இப்படிச் செய்தால்தான் நிலைக்கும்.

பொதுவாக மைனஸ் 20 டிகிரிக்குக் கீழே போனால் பந்தயத்தைத் தள்ளிவைப்பார்கள் அல்லது ரத்து செய்வார்கள். அதுவரை தாங்கும்படி தயாராக இருங்கள். கேபிள் வழியே மின்சாரம் பெறும் கேமராவுக்குக் கவலை குறைவு. வயர்லெஸ் கேமராவில் பேட்டரி சட்டென்று படுத்துவிடும். மாற்று பேட்டரிகளை உடம்போடு ஒட்டிய பையில் வையுங்கள். ஃப்ளூயிட் ஹெட்டில் (டிரைபாட் மேல் கேமராவைத் திருப்பும் பகுதியில்) உள்ள எண்ணெய் கெட்டியாகி, கேமராவைப் பக்கவாட்டில் திருப்புவது திக்கும், இழுவையைக் குறைத்துக்கொள்ளுங்கள். டிரைபாட் கால்களுக்கு அடியில் பிளைவுட் பலகை போடுங்கள். வெயிலேறினால் பனி இளகிச் சட்டகம் மெல்லச் சாயும்.

ஆட்டோ ஐரிஸை அணைத்துவிடுங்கள். அது பனியைச் சாம்பலாக்க முயன்று முகங்களைக் கறுப்பாக்கும். பெரிய ஒளிபரப்புகளில் ஓபி வேனில் (களத்தில் நிற்கும் ஒளிபரப்பு வண்டியில்) இருப்பவரே ஐரிஸைப் பார்த்துக்கொள்வார். தனியாக இருந்தால் ஸீப்ராவை (ஒளி மிகுந்த இடங்களைக் கோடுபோட்டுக் காட்டும் வசதியை) 95 சதவீதத்தில் வைத்து, பனியில் விவரம் அழியாத எல்லைவரை ஒளியைக் கூட்டுங்கள். காட்டு நிழலிலிருந்து வெட்டவெளிக்கு வீரர் வரும் இடத்தை முந்தைய நாளே நடந்து பார்த்து வையுங்கள்.

இந்த விளையாட்டின் உயிர் ஏற்றத்தில் இருக்கிறது. முன்னால் போகிறவர் அங்கேதான் பிரிந்து போவார். நேர் எதிரிலிருந்து நீள லென்ஸில் எடுத்தால் இருவரும் ஒட்டிவருவதுபோலத் தெரியும்; உண்மையான இடைவெளி பக்கவாட்டில் மட்டுமே புரியும். அதைப் பார்வையாளருக்குக் காட்டுவது நம் கடமை என்றே நினைக்கிறோம்.

நார்வேயின் ஓஸ்லோவில் சுற்றுப்பாதையில் ஓடும் ஹோல்மென்கோலென் 50 கிலோமீட்டர் பந்தயத்துக்கு முக்கிய இடங்களுக்குக் கேபிள் இழுக்கலாம். சுவீடனில் சேலனிலிருந்து மோரா வரை 90 கிலோமீட்டர் ஓடும் வாசாலோப்பெட்டுக்கு அது நடக்காது. ஸ்னோமொபைலும் ஹெலிகாப்டரும் வேண்டும். ஸ்னோமொபைலில் ஏறும் வாய்ப்பு கடைசியில்தான் வரும். பாதையில் ஸ்கீ பலகைகள் ஓடுவதற்காக வெட்டியிருக்கும் இணைக் கோடுகளை (கிளாசிக் தடத்தை) மிதிக்காமல், கிளம்பும் பனித்தூள் வீரர் முகத்தில் படாத தூரத்தில் ஓட்டத் தெரிந்த ஓட்டுநரோடு ஒத்துப்போக வேண்டும்.

கேபிள் உதவியாளராகத் தொடங்கி, நிலையான கேமரா, பிறகு வயர்லெஸ் என்று ஏறுவதே நல்ல வழி. சீசன் நவம்பர் கடைசியில் தொடங்கி மார்ச் வரைதான். பெரும்பாலும் நாள்கூலி வேலை. கோடைக்குக் கால்பந்தை விட்டுவிடாதீர்கள். ஐரோப்பியக் குடியுரிமை இல்லையென்றால் பணி அனுமதியை முதலில் பாருங்கள்.

வேலை முடிந்ததும் கேமராவை வெளியிலேயே பிளாஸ்டிக் பையில் இறுக்கிக் கட்டி உள்ளே கொண்டுபோங்கள். அறைச் சூட்டுக்கு வரும்வரை, இரண்டு மணி நேரமானாலும், பையைத் திறக்க வேண்டாம். திறந்தால் லென்ஸுக்குள் நீர் கோத்துவிடும்.