கற்பூரத்தில் அடித்த சத்தியம் ஓட்டைக் கட்டுப்படுத்துமா?

கேள்வி: மக்களவைத் தேர்தலுக்காக எங்கள் ஊர்க் கோயிலில் கூட்டம் போட்டு, ஒரு கட்சிக்கே ஓட்டுப் போடுவதாகக் கற்பூரம் அணைத்துச் சத்தியம் வாங்கினார்கள். கவரும் கொடுத்தார்கள். எனக்குச் சாமி பக்தி உண்டு. ஆனால் என் கட்சி வேறு. மாற்றிப் போட்டால் தெரிந்துவிடுமா? சத்தியம் சட்டப்படி செல்லுமா?

பதில்: செல்லாது. தெய்வக் குத்தம் பற்றித் தீர்ப்புச் சொல்ல நான் ஆள் இல்லை. ஆனால் 'மாற்றிப் போட்டால் சாமி கண்ணைக் குத்தும்' என்று வாக்காளரை நம்பவைப்பதே குற்றம் என்கிறது இப்போதைய தண்டனைச் சட்டமான பாரதிய நியாய சன்ஹிதாவின் 171ஆவது பிரிவு. கோயிலோ, மசூதியோ, தேவாலயமோ, அந்த இடத்தில் கட்சிப் பிரசாரம் செய்ய விடுவதை 1988ஆம் ஆண்டுச் சட்டம் தடுக்கிறது. கவரைத் திருப்பிக் கொடுங்கள். வாங்கியவர்மீதும் வழக்கு வரும்.

'யார் யாருக்குப் போட்டார்கள் என்று மிஷினிலேயே தெரியும்' என்பார் கவர் கொண்டுவந்த புரோக்கர். சுத்தப் பொய். ஓட்டு எந்தச் சின்னத்துக்குப் போனது என்று காட்டும் விவிபேட் சீட்டு கண்ணாடிக்குப் பின்னால் ஏழு விநாடி தெரியும், பிறகு பெட்டிக்குள் விழுந்துவிடும். அதில் உங்கள் பெயரும் இல்லை, எண்ணும் இல்லை. பூத் வாரியான மொத்தக் கணக்கு மட்டும் வெளியே வரும். அதை வைத்துக்கொண்டுதான் 'உங்க தெரு கவுத்துடுச்சு' என்று மிரட்டுவார்கள். அந்தக் கணக்கில் நீங்கள் யாருக்குப் போட்டீர்கள் என்பது கிடையாது.

ரகசியம் உடையக்கூடிய இடம் ஒன்று உண்டு. வீட்டில் பார்வையற்றவரோ, சின்னம் தெரியாமல், பட்டனை அழுத்த முடியாமல் தளர்ந்தவரோ இருந்தால் துணைக்கு ஒருவரை உள்ளே அழைத்துப்போகலாம். புரோக்கர்கள் காத்திருப்பதே இதற்குத்தான்; 'பாட்டியை நான் கூட்டிட்டுப் போறேன்' என்று ஆட்டோவோடு வருவார்கள். துணை வருபவருக்குப் பதினெட்டு வயது நிரம்பியிருக்க வேண்டும். அன்று ஒரே ஒருவருக்குத்தான் துணை போகலாம். ரகசியம் காப்பேன் என்று எழுதியும் கொடுக்க வேண்டும். வயதானவர் என்பது மட்டுமே காரணம் ஆகாது. உண்மையிலேயே துணை தேவை என்றால் பேரனோ பேத்தியோ கூடப் போகட்டும்.

புகார் செய்யத் தேர்தல் ஆணையத்தின் சி-விஜில் செயலி இருக்கிறது, 1950 எண் இருக்கிறது; செயலியில் அந்த நேரத்தில் அதிலேயே எடுக்கும் வீடியோ மட்டுமே ஏறும், அதனால் நடந்து முடிந்த கூட்டத்தைப் பற்றி 1950இல் இப்போதே சொல்லுங்கள். தேர்தல் முடிந்தபின் நீதிமன்றத்தில் பார்த்துக்கொள்ளலாம் என்று இருக்காதீர்கள்; தீர்ப்பு வர எவ்வளவு காலம் ஆகலாம் என்று பாருங்கள். வேட்பாளர், எதிராளி, வாக்காளர் என யாருடைய மதத்தைச் சொல்லியும் ஓட்டுக் கேட்கக் கூடாது என்று உச்ச நீதிமன்றம் தெளிவாகச் சொன்னது 2017 ஜனவரியில், அதுவும் நான்குக்கு மூன்று என்ற கணக்கில். அந்த வழக்கு மும்பை சாந்தாகுரூஸ் தொகுதியில் 1990இல் நடந்த தேர்தலைப் பற்றியது!