விட்சர்களுக்கு ஆயுள் எத்தனை?

கேள்வி: போலந்து எழுத்தாளர் சப்கோவ்ஸ்கியின் விட்சர் நாவல்களை இப்போதுதான் படிக்கிறேன். விட்சர்கள் என்ற இந்தக் கொடூர மிருக வேட்டைக்காரர்களுக்கு வயதே ஆகாது என்கிறார்கள். அப்படியென்றால் விட்சர்களில் ஒருவரான வெசிமிர் மட்டும் எப்படிக் கிழவர் ஆனார்?
- வாசகர், திண்டுக்கல்

பதில்: வயதே ஆகாது என்பது தப்பு. மெதுவாக ஆகும், அவ்வளவுதான். விட்சர்களின் கேர் மோர்ஹென் கோட்டையில் சின்னப் பையன்களுக்கு மூலிகைச் சாறும் மருந்துகளும் கொடுத்து உடம்பையே மாற்றினார்கள். பூனைக் கண், நிதானமான இதயத் துடிப்பு, சாதாரண மனிதன் குடித்தால் சாகிற மருந்தைத் தாங்கும் வயிறு, எல்லாம் அதில் வந்ததுதான். முதுமை தள்ளிப்போவதும் அதனால்தான். கதாநாயகன் கெரால்டின் வெள்ளை முடியை வைத்து வயதைக் கணக்குப் போடாதீர்கள். மற்றவர்களைவிட அவனுக்குக் கூடுதலாகச் செய்த சோதனைகளில் நிறம் போய்விட்டது, நரை இல்லை. வெசிமிர் விஷயம் வேறு. எல்லாரையும்விட மூத்தவர், அந்த மெதுவான முதுமை அவரிடம் வந்து சேர்ந்துவிட்டது.

சரி, எத்தனை வருஷம்? உறுதியான எண் நாவல்களில் கிடையாது, அதைத் தேடுவதிலும் எனக்கு ஆர்வமில்லை. ஏனென்றால் அந்த ஆயுளை முழுசாக வாழ்ந்து முடித்த விட்சரே இல்லை. படுக்கையில் கிடந்து உயில் சொல்லிவிட்டு வயதாகிச் செத்த விட்சர் ஒருத்தனும் கிடையாது என்று கெரால்டே ஒரு இடத்தில் சொல்வான். அவன் கதையையே பாருங்கள் (மூலத் தொடரின் கடைசி நாவலைப் படிக்காதவர்கள் இந்தப் பத்தியின் மிச்சத்தைத் தாண்டிவிடுங்கள்). எத்தனையோ மிருகங்களைக் கொன்றவன், இனி வாள் வேண்டாம் என்று முடிவெடுத்த சமயத்தில் ரிவியா நகரத்தில் கலவரம் மூள்கிறது, மனிதரல்லாத குள்ளர் இனத்தவரைக் கும்பல் வெட்டிக்கொண்டிருக்க அவன் குறுக்கே போகிறான், யாரோ ஒரு பையன் கையிலிருந்த வைக்கோல் அள்ளும் மூன்றுமுனைக் கவை அவன் வயிற்றில் இறங்குகிறது. 1999-ல் வந்த நாவல், இன்றைக்கும் அந்தப் பக்கத்தில் எனக்குத் தொண்டை அடைக்கும். அதற்கப்புறம் அவன் பிழைத்தானா என்பதை சப்கோவ்ஸ்கி மங்கலாகவே விட்டிருக்கிறார்.

கேள்வி: இவ்வளவு நல்ல விஷயம் என்றால் புதிதாக விட்சர்களை ஏன் உருவாக்குவதில்லை?
- வாசகி, கோவை

பதில்: நல்ல விஷயமா? அந்தச் சோதனையில் பெரும்பாலான பையன்கள் துடிதுடித்துச் செத்தார்கள். பிழைத்தவர்களுக்குக் குழந்தை பிறக்காது. அப்புறம் வெறிபிடித்த கூட்டம் கோட்டையைத் தாக்கி அங்கிருந்த கிட்டத்தட்ட எல்லாரையும் கொன்றது, அந்த எலும்புகள் இன்னும் அகழியில் கிடக்கின்றன. உடம்பை மாற்றும் வித்தையும் அதோடு போயிற்று. வெசிமிர் வாள் சொல்லிக்கொடுப்பவர், அவருக்கு அது தெரியாது. அதனால் கெரால்டின் பொறுப்பில் வளரும் சிறுமி சிரி அங்கே வந்தபோது அவளுக்குக் கிடைத்தது பயிற்சியும் சாப்பாட்டில் கலந்த காளான், மூலிகைகளும்தான். அதையும்கூட மந்திரக்காரி த்ரிஸ் வந்து பார்த்துவிட்டு, வளர்கிற பெண்ணுக்கு இதையா கொடுப்பீர்கள் என்று கோபப்பட்டு நிறுத்தவைத்தாள்.