தம்பிக்கு கிட்னி கொடுக்கணும், வெயிட் அதிகம்னு திருப்பி அனுப்பிட்டாங்க, என்ன பண்றது?

கேள்வி: வயசு 43, உயரம் 5 அடி 1 இஞ்ச், எடை 84 கிலோ, சுகர் பிரஷர் எதுவும் இல்ல. தம்பி டயாலிசிஸ்ல இருக்கான். பிளட் குரூப் சேருது, ஆனா வெயிட் குறைச்சிட்டு வாங்கன்னு சொல்லிட்டாங்க. டயாலிசிஸ் சென்டர் வாசல்ல ஒருத்தர், வெயிட்லாம் பாக்காத ஆஸ்பத்திரி இருக்கு, பணம் கொடுத்தா முடிச்சுத் தரேன்றார். நம்பலாமா?

பதில்: நம்பாதீங்கம்மா. அவரைப் பத்தி அப்புறம் சொல்றேன், மொதல்ல வெயிட்.

உங்க கணக்குக்கு பிஎம்ஐ, அதாவது உயரத்துக்கு எடை எவ்வளவுன்னு பாக்கிற கணக்கு, 35 வருது. 30க்குள்ள இருந்தா பெரும்பாலான டாக்டருங்க இதைப் பத்திப் பேசவே மாட்டாங்க, 35ஐத் தாண்டினா நிறைய இடத்துல வேணாம்னுடுவாங்க. ஒரு கிட்னிய எடுத்துட்டா மிச்சம் இருக்கிறது ரெண்டோட வேலையில பெரும்பகுதிய தானே இழுத்துப் போட்டுக்கும், உடம்பு கனமா இருந்தா அந்த ஒத்தக் கிட்னி இன்னும் கூட வடிகட்டணும், வருஷக்கணக்குல அப்படியே ஓடினா யூரின்ல புரோட்டீன் கசிய ஆரம்பிக்கலாம். சுகரும் பிரஷரும் பின்னாடி வர்ற வாய்ப்பும் அதிகம். ஆபரேஷன்ல தையல் சீழ் பிடிக்கிறது, கால்ல ரத்தம் கட்டுறதுன்னு தனிப் பிரச்சனை.

இன்னொண்ணு, உங்க உயரத்தை அங்க அளந்தாங்களா, இல்ல நீங்க சொன்னதை எழுதிக்கிட்டாங்களா? பல ஓபில அளக்கிறதே இல்ல. ஒரு இஞ்ச் கம்மியா இருந்தா உங்க 35 அப்படியே 36 ஆயிடும். செருப்பைக் கழட்டிட்டு சுவத்துல சாஞ்சு நின்னு அளக்கச் சொல்லுங்க.

30க்கும் 35க்கும் நடுவுல இருக்கிற எல்லாரையும் ஒரே மாதிரி பாக்கக் கூடாது. சின்ன வயசுப் பையன் தானே, தாங்குவான்னு வீட்ல முடிவு பண்ணி 25 வயசுல இருக்கிறவனைக் கூட்டிட்டு வருவாங்க, அவனுக்கு பிஎம்ஐ 32 இருக்கும். எனக்கு அவனைப் பாத்தாதான் பயம், ஏன்னா அந்த ஒத்தக் கிட்னிய வச்சு அவன் இன்னும் அம்பது வருஷம் ஓட்டணும், சுகர் வர்ற வயசே இன்னும் வரல. அதே 32ல ஒரு 55 வயசு அம்மா, சுகர் டெஸ்ட், பிரஷர், 24 மணி நேர யூரின் எல்லாம் சுத்தமா இருந்தா, அவங்களுக்கு வர வேண்டியதுல பாதி வராமலே தாண்டியாச்சுன்னு அர்த்தம், அவங்களை எடுத்துக்கலாம். நீங்க ரெண்டுக்கும் நடுவுல இருக்கீங்க. பிரசவ சமயத்துல சுகர் இருந்துச்சான்னு யோசிச்சுப் பாருங்க, இருந்திருந்தா மறைக்காம சொல்லிடுங்க, இதை யாரும் கேக்கிறதும் இல்ல பேஷண்ட் சொல்றதும் இல்ல.

72 கிலோ வந்தா நீங்க 30ஐத் தொட்டுடுவீங்க. மாசம் ரெண்டு கிலோன்னு ஆறு மாசம் வைங்க. பவுடர், ஷேக், லேகியம் எதுவும் வேணாம். நடக்க ஆரம்பிச்சதும் முட்டி வலிக்கும், உடனே மெடிக்கல்ல போய் வலி மாத்திரை வாங்கிப் போடாதீங்க, டைக்ளோஃபெனாக் மாதிரி மாத்திரை கிட்னிக்கு ஆகாது, கொடுக்கப் போற கிட்னியவே கெடுத்துக்கிட்ட மாதிரி ஆயிடும். குறைச்சிட்டு வான்னு ஒரே வரியில சொல்லி அனுப்புற ஆஸ்பத்திரி, டயட்டீஷியன்கிட்ட ஒரு சீட்டு எழுதிக் கொடுத்தா என்ன குறைஞ்சிடும்னு எனக்குப் புரியல.

இப்ப அந்த ஆளு. இவங்க டயாலிசிஸ் சென்டரைச் சுத்தியேதான் இருப்பாங்க, யார் வீட்ல அவசரம்னு மூஞ்சியப் பாத்தே கண்டுபிடிப்பாங்க. இன்னைக்கு வெயிட் பாக்காத ஆஸ்பத்திரின்னுவார், அட்வான்ஸ் வாங்கினதும் உங்களுக்கு எதுக்கும்மா கஷ்டம், நானே டோனர் தரேன்னு மாறுவார். பள்ளிபாளையத்துல கடன்ல மாட்டின விசைத்தறித் தொழிலாளிங்ககிட்ட கிட்னி வாங்கின விவகாரம் 2025ல வெளிய வந்துச்சே, அதே வழிதான். சொந்தக்காரங்கன்னு போலி பேப்பர் போடுவாங்க. மாட்டினா புரோக்கர் மட்டும் உள்ள போக மாட்டான், காசு கொடுத்து கிட்னி வாங்கினவங்களுக்கும் 5லேர்ந்து 10 வருஷம் ஜெயில், 20 லட்சத்துலேர்ந்து ஒரு கோடி வரைக்கும் அபராதம். நீங்க கூடப் பிறந்த அக்கா, சட்டப்படி நெருங்கிய உறவு, உங்களுக்கு புரோக்கர் எதுக்கு? உறவை நிரூபிக்கிற பேப்பருக்கு அலைய விடுவாங்க, உண்மைதான், நேர்மையா வர்றவங்களை அலைய விட்டுட்டுத்தான் புரோக்கருக்கு நாமளே இடம் கொடுக்கிறோம், ஆனாலும் அலைஞ்சு வாங்கிடுங்க.

இந்த ஆறு மாசம் தம்பி டயாலிசிஸை ஒரு தடவை கூட விடக் கூடாது. கூடவே, மூளைச்சாவு அடைஞ்சவங்ககிட்டேர்ந்து வர்ற கிட்னிக்கு ஆஸ்பத்திரி வழியா ட்ரான்ஸ்டான்ல, அதாவது தமிழ்நாடு அரசோட உறுப்பு மாற்று ஆணையத்துல, அவர் பேரைப் பதிஞ்சு வைங்க, நீங்க கொடுக்கப் போறீங்கன்றதுக்காக அதை விட்டுடாதீங்க. முதலமைச்சர் காப்பீட்டுக் கார்டு இருந்தா கிட்னி மாற்று ஆபரேஷன் அதுலயே வரும், கார்டை எடுத்துட்டுப் போங்க. அடுத்த தடவை போகும்போது எத்தனை கிலோ வந்தா ஓகே, எந்த டெஸ்ட்லாம் திரும்ப எடுக்கணும்னு கேட்டு, டாக்டர் கையால ஓபி சீட்டுலயே எழுதி வாங்கிட்டு வாங்க.