கனவுக்குள் இன்னொருவரை விடலாமா?

சென்ற இதழில் தூக்கத்தைப் பற்றி எழுதினாலும் எழுதினேன், வந்த கேள்விகளில் பாதி ‘இன்செப்ஷன்’ படத்தில் வரும் கனவுப் பெட்டியைப் பற்றித்தான். ஒரே மாதிரி கேட்டவர்களைச் சேர்த்துவிட்டேன், கோபித்துக்கொள்ளாதீர்கள்.

கேள்வி: படத்தை இரண்டு முறை பார்த்துவிட்டேன். அந்தப் பெட்டி என்னதான் செய்கிறது?

பதில்: பார்வைக்கு வெள்ளி நிற சூட்கேஸ். அதிலிருந்து ஆளுக்கொரு குழாய் மணிக்கட்டுக்குப் போகிறது, மருந்து இறங்குகிறது, எல்லோரும் ஒரே கனவுக்குள் போய் நிற்கிறார்கள். எப்படி என்று இயக்குநர் நோலன் விளக்கவே இல்லை, விளக்கியிருந்தால் மாட்டிக்கொண்டிருப்பார். ஆனால் ஒரு விதியை ஒழுங்காக வைத்திருக்கிறார்: கனவு காண்பவர் ஒருவர், அந்தத் தெருக்களில் ஆட்களை நிரப்புவது இன்னொருவரின் ஆழ்மனம், மற்றவர்கள் வெளியாட்கள். வெளியாள் வந்திருக்கிறான் என்று மோப்பம் பிடித்துவிட்டால் அந்தக் கனவு மனிதர்கள் அடிக்க வருகிறார்கள். எனக்குப் படத்தில் பிடித்ததே இதுதான். கனவைப் பகிர்வது என்று நாம் இனிமையாகச் சொல்கிறோமே தவிர, நடப்பது ஒருவர் வீட்டுக்குள் நாலு பேர் புகுவது. 2006-இல் வந்த ஜப்பானிய அனிமேஷன் படமான ‘பாப்ரிகா’விலும் இதே சங்கடம்தான், அதில் கருவியைத் தலையில் மாட்ட வேண்டும், நோயாளியின் கனவுக்குள் மருத்துவர் போவதற்காகச் செய்தது, அது திருட்டுப் போனதும் கதை கந்தலாகிறது.

கேள்வி: ஐந்து நிமிடம் தூங்கினால் கனவில் ஒரு மணி நேரம் என்று படத்தில் சொல்கிறார்களே? தேர்வுக்கு முந்தின நாள் அப்படிப் படித்துவிடலாம் என்று பார்க்கிறேன்.

பதில்: பேசாமல் விழித்திருந்தே படியுங்கள். மூடிய இமைக்குள் கண் வேகமாக ஓடும், கனவுகள் அதிகம் வரும் ரெம் தூக்கம் 1953-இல் சிகாகோவில் கண்டுபிடிக்கப்பட்டது. நாலு வருடம் கழித்து டிமென்ட், கிளைட்மன் என்ற ஆய்வாளர்கள் இருவரும், அந்தத் தூக்கம் தொடங்கி ஐந்து நிமிடத்திலோ பதினைந்து நிமிடத்திலோ ஆட்களை எழுப்பி, எவ்வளவு நேரமாகக் கனவு கண்டீர்கள், ஐந்தா பதினைந்தா என்று கேட்டார்கள். 111 முறையில் 92 முறை சரியான பதில் வந்தது. அதாவது கனவின் கடிகாரமும் சுவர்க் கடிகாரமும் ஏறக்குறைய ஒரே வேகத்தில்தான் ஓடுகின்றன. அப்புறம், படித்தது காலையில் நினைவிருக்க வேண்டுமே!

கேள்வி: நிஜத்தில் யாராவது இதற்குப் பக்கத்திலாவது போயிருக்கிறார்களா?

பதில்: போயிருக்கிறார்கள், ஆனால் வாசல் வரைக்கும்தான். 2013-இல் ஜப்பானின் கியோட்டோவில் கமிடானி என்ற ஆய்வாளரின் குழுவினர் மூன்று பேரை ஸ்கேன் கருவிக்குள் தூங்கவைத்து, கண் அசரும் நேரத்தில் திரும்பத் திரும்ப எழுப்பி, என்ன பார்த்தீர்கள் என்று கேட்டுக் கேட்டுக் குறித்துக்கொண்டார்கள். பிறகு மூளையின் ஸ்கேனை மட்டும் வைத்து, இரண்டு வகைப் பொருள்களில் எதைப் பார்த்தார் என்று கணினியை ஊகிக்கவிட்டார்கள். நாணயத்தைச் சுண்டினால் 50 சதவீதம் வரும் இடத்தில் கணினிக்கு ஏறத்தாழ 60 வந்தது. கனவையே படம் பிடித்ததாகச் செய்திகள் குதித்தன, அப்படியெல்லாம் இல்லை.

இதைவிட என்னைத் தூக்கிவாரிப் போட்டது 2021-இல் வந்த ஆய்வு. நான்கு நாட்டு ஆய்வகங்கள், 36 பேர். ரெம் தூக்கத்தில் கைகால் அசையாது, ஆனால் கண் அசையும், அதனால் கண்ணையே தந்தியாக வைத்துக்கொண்டார்கள். இது கனவு என்று தெரிந்தே கனவு கண்டுகொண்டிருந்த ஒருவரிடம் எட்டில் ஆறு போனால் எவ்வளவு என்று வெளியிலிருந்து கேட்க, அவர் தூக்கத்திலேயே கண்ணை இடதும் வலதுமாக இரண்டு முறை ஓட்டினார். இரண்டு! மொத்தம் 158 முறை கேட்டதில் 29 முறைதான் சரியான பதில் என்பதையும் சொல்லிவிட வேண்டும். ஆனாலும் இது ஒரு கனவுக்கும் வெளியே உட்கார்ந்திருப்பவருக்கும் நடந்த பேச்சு. இரண்டு கனவுகளை இணைக்க ஒருவர் மூளையைப் படித்தால் மட்டும் போதாது, இன்னொருவர் மூளையில் அதை எழுதவும் வேண்டும், அதற்குப் பேனாவே இன்னும் நம்மிடம் இல்லை.

கேள்வி: கனவு காண்பவருக்குச் சிறுநீர் முட்டியதால் கனவில் மழை கொட்டுகிறது என்று காட்டுகிறார்கள். சும்மா சிரிக்கவைக்கத்தானே?

பதில்: சிரிக்கத்தான், ஆனால் படத்திலேயே விஞ்ஞானத்துக்கு மிக நெருக்கமான இடம் இதுதான். 1958-இல் டிமென்ட்டும் வோல்பெர்ட்டும் தூங்குகிறவர்கள் மேல் குளிர்ந்த நீரைத் தெளித்துப் பார்த்தார்கள். பத்தில் நாலு தடவை தண்ணீர் கனவுக்குள் போய்விட்டது. தெளித்தவர் போகவில்லை, தண்ணீர்தான் போனது, அதுவும் ஒருவருக்குக் கூரை ஒழுகுவதாக வேஷம் மாறி.

கேள்வி: என் கனவை என் மனைவி பார்க்கும்படி ஒரு கருவி வந்துவிட்டால்?

பதில்: அன்றிலிருந்து உங்களுக்குத் தூக்கமே வராது.

கேள்வி: சரி, அந்தப் பெட்டி வந்தால் நீங்கள் மாட்டிக்கொள்வீர்களா?

பதில்: விருந்தாளியாக என்றால் முதல் ஆளாக நிற்பேன். வீட்டுக்காரராக என்றால் மாட்டேன். நேற்றிரவு முழுக்க ஒற்றைச் செருப்பைக் கையில் பிடித்துக்கொண்டு ஒரே மாடிப்படியில் ஏறிக்கொண்டிருந்தேன். இதைப் பார்க்க ஒருவரைக் குழாய் மாட்டி வரவழைப்பதா?